பேர் சொல்லாத பிள்ளைகள்

படைவீரர் வீட்டுக்கு மாலையும் மேடையும் ஆண்டுக்கு ஒரு நாள் வரும். மற்ற நாள்களில் அந்த வாசலை எட்டிப் பார்ப்பது யார்? 1940-ல் ஒரு சிறுவர் கூட்டம் காட்டிய வழி மதுரைத் தெருக்களுக்கும் சுற்றுவட்டாரப் பட்டிகளுக்கும் அப்படியே பொருந்துகிறது.

பொழுது இன்னும் சரியாக விடியவில்லை. மாஸ்கோவுக்கு வெளியே, மரவீடுகளும் பழத்தோட்டங்களுமாக ஓர் ஊர். ஒரு வீட்டின் வேலிக்கதவு ஓசையில்லாமல் திறக்கிறது. வாளிகளைத் தூக்கிக்கொண்டு சில பையன்கள் உள்ளே நுழைகிறார்கள். ஒருவன் தண்ணீர் கொண்டுவர, அடுத்தவன் தொட்டியில் ஊற்ற, மூன்றாமவன் தெருமுனையில் காவல் நிற்கிறான். பால் விற்றுப் பிழைக்கும் மூதாட்டி எழுந்து வரும்போது தொட்டி விளிம்புவரை நிறைந்து நிற்கிறது. சுற்றுமுற்றும் பார்க்கிறார், ஆளைக் காணோம். அவர் வீட்டுக் கதவில் சின்னதாக ஒரு சிவப்பு நட்சத்திரம் மட்டும் இருக்கிறது. அந்த வீட்டிலிருந்து ஒருவர் பட்டாளத்துக்குப் போயிருக்கிறார் என்று அதற்குப் பொருள்.

அர்காதி கைதார் 1940-ல் எழுதிய ‘திமூரும் அவனது குழுவும்’ என்ற சிறுவர் கதையில் வரும் காட்சி இது. பள்ளி விடுமுறையில் கூடிய பிள்ளைகள், ஊரில் எந்தெந்த வீட்டு ஆண்கள் சோவியத்தின் செஞ்சேனையில் இருக்கிறார்கள் என்று கண்டுபிடித்து, அந்த வீடுகளுக்குப் பெரியவர்கள் அறியாமல் வேலை செய்து கொடுக்கிறார்கள். விறகு அடுக்குகிறார்கள், தொலைந்துபோன ஆட்டைத் தேடிப் பிடிக்கிறார்கள், பழம் திருடும் கும்பலிடமிருந்து தோட்டத்தைக் காக்கிறார்கள். போரில் இறந்தவரின் வீட்டில் நட்சத்திரத்தைச் சுற்றிக் கறுப்புக் கோடு. அந்த வீட்டுக் குழந்தை அழுதால் விளையாட்டுக் காட்டச் சில பிள்ளைகள் ஓடுகிறார்கள்.

கதையில் வந்தது சீக்கிரமே தெருவுக்கு வந்தது. அதே ஆண்டில் திரைப்படமும் வெளியானது. கைதார் வாழ்ந்த கிளின் நகரிலேயே முதல் ‘திமூர் குழு’ உருவானது. 1941 ஜூனில் ஹிட்லரின் படை சோவியத் எல்லையைத் தாண்டியபோது, நாடெங்கும் பிள்ளைகள் தங்களைத் திமூர்க்காரர்கள் என்று சொல்லிக்கொண்டு இறங்கிவிட்டார்கள். போருக்குப் போனவர்களின் வீடுகளில் குழந்தைகளைப் பார்த்துக்கொண்டார்கள். கூட்டுப் பண்ணைகளில் அறுவடைக்குப் போனார்கள். பழைய இரும்பும் மூலிகையும் சேகரித்தார்கள். மருத்துவமனையில் கையிழந்து கிடந்த வீரர்கள் சொல்லச் சொல்ல, அவர்கள் வீட்டுக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தார்கள்.

பெட்டிச் செய்தி
கைதார்: தெரிந்துகொள்ள வேண்டியவை

■ பிறப்பு 1904. இயற்பெயர் அர்காதி கோலிகவ்.
■ 14 வயதில் செஞ்சேனையில் சேர்ந்தார். 17 வயதில் ஒரு ரெஜிமென்டுக்குத் தலைமை தாங்கினார். உள்நாட்டுப் போர் தந்த மனக்காயத்தால் 1924-ல் படையிலிருந்து விடுவிக்கப்பட்டார்.
■ தன் மகனின் பெயரைத்தான் கதாநாயகனுக்கு வைத்தார். அந்தத் திமூரின் மகன் யெகோர் கைதார் 1992-ல் ரஷ்யாவின் தற்காலிகப் பிரதமராக இருந்தார்.
■ இரண்டாம் உலகப் போரில் செய்தியாளராகப் போய், முற்றுகையில் சிக்கி, கெரில்லாக்களோடு சேர்ந்து போரிட்டு, 1941 அக்டோபர் 26-ல் உக்ரைனில் கொல்லப்பட்டார்.

நம் பக்கத்து வாசல்கள்

மதுரையைச் சுற்றியுள்ள ஊர்களுக்குப் பட்டாளம் புதிதல்ல. திருமங்கலம், உசிலம்பட்டி, பேரையூர் பக்கம் வானம் பார்த்த பூமி. மழை பொய்த்த ஆண்டில் பருத்தியும் சோளமும் கைவிட்டால், வீட்டில் ஒரு பையனாவது நிலையான சம்பளத்துக்குப் போக வேண்டும். அதிகாலையில் தார்ச்சாலையில் ஓடிப் பழகும் இளைஞர்களை இந்தப் பகுதியில் எங்கும் பார்க்கலாம். ஆள்சேர்ப்பு முகாமில் 1.6 கிலோமீட்டரை ஐந்தரை நிமிடத்துக்குள் ஓடினால்தான் முழு மதிப்பெண். அதற்குத்தான் அந்த ஓட்டம். தேர்வாகிப் போனவன் வீட்டைத் தெருவே ‘மிலிட்டரிக்காரர் வீடு’ என்று பெயர் சொல்லி அழைக்கும்.

2016 பிப்ரவரி 3-ம் தேதி சியாச்சினில் சுமார் 19,600 அடி உயரத்தில் இருந்த முகாம் பனிச்சரிவில் புதைந்தது. மெட்ராஸ் ரெஜிமென்டின் 19-வது பட்டாலியனைச் சேர்ந்த பத்துப் பேர் சிக்கினார்கள். கர்நாடகத்தைச் சேர்ந்த லான்ஸ் நாயக் ஹனுமந்தப்பா மட்டும் ஆறாம் நாள் உயிரோடு மீட்கப்பட்டார். பிப்ரவரி 11-ல் அவரும் டெல்லி மருத்துவமனையில் இறந்தார். அந்தப் பத்துப் பேரில் ஒருவர் மதுரை மாவட்டம் சொக்கத்தேவன்பட்டியைச் சேர்ந்த சிப்பாய் கணேசன். இன்னொருவர் பக்கத்துத் தேனி மாவட்டம் குமணன்தொழுவைச் சேர்ந்த குமார்.

2022 ஆகஸ்ட் 11-ம் தேதி, சுதந்திர தினத்துக்கு நான்கு நாள் முன்பு, ஜம்மு-காஷ்மீரின் ராஜௌரி மாவட்டத்தில் பர்கல் ராணுவ முகாமுக்குள் பயங்கரவாதிகள் புகுந்தார்கள். அவர்களைத் தடுத்து நின்று உயிரிழந்தவர்களில் ஒருவர் ரைபிள்மேன் லட்சுமணன். அவர் ஊர் மதுரை மாவட்டம் புதுப்பட்டி. தமிழக அரசு அவர் குடும்பத்துக்கு 20 லட்சம் ரூபாய் அறிவித்தது.

இந்தப் பெயர்களெல்லாம் செய்தித்தாளின் முதல் பக்கத்தில் வந்தவை. தேசியக் கொடி போர்த்திய பெட்டி, குண்டு முழங்க மரியாதை, அமைச்சர், ஆட்சியர், ஆயிரக்கணக்கில் கூட்டம் என்று அந்த நாளில் ஊரே அந்த வீட்டில் இருக்கும். பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் பந்தலைப் பிரிப்பார்கள், உறவுக்காரர்கள் பஸ் ஏறுவார்கள். அதன் பிறகுதான் அந்த வீட்டுக்கு ஆள் தேவைப்படுகிறது.

உயிரோடு பணியில் இருப்பவர்களின் வீடுகளுக்கு அந்த ஒரு நாள் கூட்டமும் கிடையாது. மதுரைச் சமவெளியில் படைவீரர் குடும்பம் என்றால் பெரும்பாலும் இந்த வீடுகள்தான். செய்தியில் வராதவை.

மிலிட்டரிக்காரர் வீட்டு நாள்

ஜவானுக்கு ஆண்டு விடுப்பு 60 நாள், தற்செயல் விடுப்பு 30 நாள். திருநெல்வேலியிலிருந்து மதுரை வழியாகக் கட்ரா செல்லும் ரயிலில் போவதற்கே ஏறக்குறைய மூன்று நாள். வழிப் பயணமும் முகாமிலிருந்து இறங்கும் நேரமும் போக, பொங்கலுக்கோ குலசாமி கும்பிடுக்கோ ஒருமுறை, பிள்ளைக்குக் காது குத்த ஒருமுறை வந்தால் பெரிது. மிச்ச மாதங்களில் வீட்டின் பாரம் மனைவி தலையிலும் வயதான அப்பா அம்மா தலையிலும் விழுகிறது.

அந்தப் பாரம் எப்படிப்பட்டது என்று கிட்டப்போய்ப் பார்க்க வேண்டும். குழாயில் இரண்டு நாளைக்கு ஒருமுறை தண்ணீர் வருகிறது, அதுவும் அரை மணி நேரம். அந்த நேரத்தில் கைக்குழந்தைக்குக் காய்ச்சல். ரேஷன் கடையில் கைரேகை வைக்க அட்டையில் பேர் உள்ள ஒருவர் நேரில் நிற்க வேண்டும். மாமியாரின் விரல் ரேகையோ களை எடுத்தே தேய்ந்து போயிருக்கிறது, இயந்திரம் ஏற்க மறுக்கிறது. கேஸ் சிலிண்டர் தெருமுனையில் இறக்கிவைக்கப்பட்டு, மாடிவரை தூக்க ஆளில்லாமல் கிடக்கிறது. வயக்காட்டில் மோட்டார் ஓடவில்லை. எல்லைச் சாவடியிலிருந்து கணவர் பேசக்கூடிய பத்து நிமிடத்தில் இதையெல்லாம் சொல்லவும் மனசு வராது. அங்கே பனியில் நிற்கிறவரிடம் இங்கே சிலிண்டர் கதையா?

ஓய்வுபெற்ற வீரர்களின் வீட்டிலும், வீரர் இறந்து மனைவி தனித்து வாழும் வீட்டிலும் பாரம் வேறு வடிவத்தில் இருக்கிறது. பாதுகாப்புத் துறை ஓய்வூதியம் இப்போது ‘ஸ்பர்ஷ்’ இணையதளத்துக்கு மாறிவிட்டது. ஆண்டுக்கொரு முறை, பெரும்பாலும் நவம்பரில், தான் உயிரோடு இருப்பதற்கு லைஃப் சர்டிஃபிகேட் கொடுக்க வேண்டும். கைபேசி கேமராவில் முகத்தைக் காட்டியே அதை முடிக்கும் வசதியும் வந்திருக்கிறது. ஆனால் எழுபது வயதுப் பாட்டிக்கு அந்தச் செயலியைத் திறந்து, வெளிச்சம் முகத்தில் விழும்படி உட்கார வைத்து, கண்ணைச் சிமிட்டச் சொல்ல ஒருவர் வேண்டும். அந்த ஆள் கிடைக்காமல் பாட்டி பஸ் பிடித்து மதுரைக்கு வருகிறார். முன்னாள் படைவீரர் நல அலுவலகத்திலோ அவர்களுக்கான ஈ.சி.எச்.எஸ். மருத்துவமனையிலோ பாதி நாள் கழிகிறது.

இந்த வேலைகளில் எதற்கும் பெரிய பணம் வேண்டாம், படிப்பு வேண்டாம். பக்கத்து வீட்டு எட்டாம் வகுப்புப் பிள்ளை பத்து நிமிடத்தில் செய்யக்கூடியவை. திமூர் குழுவின் அடிப்படையும் இதுதான். பெரிய உதவியை அரசு செய்யட்டும், சின்ன உதவியைத் தெரு செய்யும் என்பதே அந்தப் பிள்ளைகளின் கணக்கு.

பெட்டிச் செய்தி
படைவீரர் கொடி நாள்

■ ஆண்டுதோறும் டிசம்பர் 7. 1949 ஆகஸ்ட் 28-ல் பாதுகாப்பு அமைச்சரின் குழு எடுத்த முடிவின்படி அந்த ஆண்டு முதலே கடைப்பிடிக்கப்படுகிறது.
■ கொடியின் சிவப்பு, கருநீலம், வெளிர்நீலம் ஆகிய மூன்று நிறங்களும் தரைப்படை, கடற்படை, விமானப்படையைக் குறிக்கும்.
■ பள்ளிப் பிள்ளைகளின் உண்டியல் காசும் அரசு அலுவலகங்களின் வசூலும் ஒரே நிதியில் சேர்கின்றன.
■ 2025 நவம்பர் 1 முதல் மத்திய முன்னாள் படைவீரர் வாரியத்தின் உதவித்தொகைகள் இரட்டிப்பாகியுள்ளன. ஓய்வூதியம் இல்லாத 65 வயது கடந்த முன்னாள் வீரர்களுக்கும் கணவரை இழந்த அவர்களின் மனைவிகளுக்கும் வறுமை உதவி மாதம் 4,000-லிருந்து 8,000 ரூபாய். பிள்ளைகள் இருவர்வரை கல்வி உதவி ஒருவருக்கு மாதம் 1,000-லிருந்து 2,000. மகள் திருமண உதவி 50,000-லிருந்து ஒரு லட்சம்.

உண்டியலுக்கு அப்பால்

டிசம்பர் முதல் வாரத்தில் மதுரைப் பள்ளிகளில் உண்டியல் சுற்றி வரும். காகிதக் கொடியைச் சட்டையில் குத்திக்கொண்டு, டிபன் பாக்ஸ் பையில் முடிந்து கொடுத்த பத்து ரூபாயைப் பிள்ளைகள் போடுவார்கள். ஆட்சியர் அலுவலகத்தில் வசூலைத் தொடங்கிவைத்து, முன்னாள் வீரர்களுக்குத் தேநீர் விருந்து நடக்கும். நல்ல வழக்கம்தான். அந்தக் காசு போய்ச் சேரும் இடமும் சரியான இடம். ஆனால் பத்து ரூபாய் போட்ட பிள்ளைக்கு, தன் பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவளின் அப்பா லடாக்கில் இருப்பது தெரியுமா?

பெரும்பாலும் தெரியாது. சேர்க்கைப் பதிவேட்டில் ‘தந்தை தொழில்: ராணுவம்’ என்று எழுதியிருக்கும். அதைப் பார்ப்பது அலுவலக எழுத்தர் ஒருவர்தான். சாரணர் இயக்கம், ஜூனியர் ரெட் கிராஸ், நாட்டு நலப்பணித் திட்டம், 1948 முதல் நடக்கும் தேசிய மாணவர் படை என்று பிள்ளைகளைச் சேவைக்குப் பழக்கும் அமைப்புகள் நம் பள்ளிகளில் நிறையவே இருக்கின்றன. நாளுக்கு ஒரு நற்செயல் என்பதைப் பேடன் பவல் சாரணர்களுக்கு வழக்கமாக்கி நூறாண்டு தாண்டிவிட்டது. இவற்றுக்கு ஆள்பலம் உண்டு, சீருடை உண்டு, ஆர்வமும் உண்டு. அடுத்த தெருவில் இருக்கும் வீட்டின் முகவரிதான் அவர்கள் கையில் இல்லை.

முகவரி தானாகக் கண்ணில் பட்டால் பிள்ளைகள் என்ன செய்வார்கள் என்பதற்குப் பஞ்சாபில் ஓர் உதாரணம் இருக்கிறது. 2025 மே மாதம், ஆபரேஷன் சிந்தூர் ராணுவ நடவடிக்கை நடந்த நாள்களில், ஃபெரோஸ்பூர் மாவட்டத்தின் எல்லைக் கிராமமான தாரா வாலியில் படையினர் வயல்வெளியில் நிறுத்தப்பட்டார்கள். கொளுத்தும் வெயில். அந்த ஊரைச் சேர்ந்த பத்து வயதுச் சிறுவன் ஒருவன், தன் வீட்டிலிருந்து தண்ணீர், ஐஸ், பால், லஸ்ஸி, டீ என்று நாள்தோறும் அவர்களுக்குச் சுமந்துபோய்க் கொடுத்தான். கொண்டுபோகும்படி யாரும் அவனிடம் சொல்லவில்லை. ராணுவத்தின் கோல்டன் ஆரோ டிவிஷன் அவனைக் கௌரவித்து, அவன் படிப்புச் செலவு முழுவதையும் ஏற்பதாக அறிவித்தது.

ஃபெரோஸ்பூர் பையனுக்கு வீரர்கள் வயலில் தெரிந்தார்கள். மதுரைப் பிள்ளைக்கு வீரர் தெரிய மாட்டார், அவருடைய வீடுதான் தெரியும். இங்கே உதவி என்றால் அந்த வீட்டுத் தண்ணீர்க் குடத்திலும் ரேஷன் பையிலும்தான் தொடங்க முடியும்.

ஏன் சொல்லாமல் செய்ய வேண்டும்?

திமூர் கதையின் உயிர் அதன் ரகசியத்தில் இருக்கிறது. பிள்ளைகள் விளையாட்டுக்காக ஒளிந்து செய்தார்கள் என்று மட்டும் எடுத்துக்கொண்டால் கைதார் சொன்னதில் பாதியைத் தவறவிட்டுவிடுவோம்.

முதலில், கௌரவம். மிலிட்டரிக்காரர் வீடு ஊரில் தலைநிமிர்ந்து நிற்கும் வீடு. அந்த வீட்டுப் பெண் உதவி என்று கேட்டு அடுத்த வாசலில் நிற்கமாட்டார். கேட்டால், ‘பட்டாளத்துச் சம்பளம் வருதே, இதுக்கென்ன குறை’ என்ற பேச்சு வரும். கேட்காமலே நடந்துவிட்டால் அந்தப் பேச்சுக்கு இடமில்லை, நன்றிக்கடனும் இல்லை.

இதை ஆய்வும் உறுதி செய்கிறது. நியூயார்க்கில் வழக்கறிஞர் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தவர்களையும் அவர்களின் துணைவர்களையும் நாள்தோறும் குறிப்பெழுதச் சொல்லி, நியால் போல்ஜர் என்ற உளவியலாளரும் அவரோடு இருவரும் 2000-ல் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். ‘எனக்கு உதவி கிடைத்தது’ என்று படிப்பவர் எழுதிய நாள்களில் அவருடைய மனச்சோர்வு குறையவில்லை, கூடவே செய்தது. துணைவர் உதவியிருக்கிறார், ஆனால் படிப்பவருக்கு அது உதவியாகவே தெரியவில்லை என்ற நாள்களில்தான் மனம் லேசாக இருந்தது. உதவி கண்ணில் பட்டால் தன்னால் முடியவில்லை என்ற எண்ணமும் கூடவே வந்துவிடுகிறது என்பது அவர்களின் விளக்கம்.

இரண்டாவது, செய்கிற பிள்ளையின் மனசு. ஜெர்மனியின் லைப்சிக் நகரில் ஃபெலிக்ஸ் வார்னெகன், மைக்கேல் டொமசெல்லோ என்ற இரு ஆய்வாளர்கள் 20 மாதக் குழந்தைகளைக் கவனித்து 2008-ல் எழுதினார்கள். பெரியவர் கைதவறிப் போட்ட பொருளைக் குழந்தைகள் தாமாகவே எடுத்துக் கொடுத்தன. சில குழந்தைகளுக்கு அதற்காகப் பரிசு தரப்பட்டது. பரிசு வாங்கிப் பழகிய குழந்தைகள் பிறகு உதவுவதைக் குறைத்துக்கொண்டன. எதுவும் வாங்காத குழந்தைகள் தொடர்ந்து உதவின.

ஒரு சிலிண்டரைத் தூக்கிக் கொடுத்ததைக் கைபேசியில் படமெடுத்து, பள்ளி வாட்ஸ்அப் குழுவில் போட்டு, காலை வழிபாட்டுக் கூட்டத்தில் சான்றிதழும் கொடுத்தால் இரண்டு பேருக்கும் நட்டம். அந்த வீட்டுப் பெண்ணின் முகம் ஊருக்குத் தெரிகிறது. பிள்ளைக்கு அடுத்த முறை கேமரா இல்லாமல் கை நீளாது.

சோவியத் நாட்டிலேயே இது நடந்து முடிந்த கதை. போருக்குப் பிந்தைய ஆண்டுகளில் திமூர் இயக்கம் முன்னோடிச் சிறுவர் அமைப்பின் அதிகாரபூர்வ வேலைத்திட்டமானது. போரில் ஊனமுற்றவர்களுக்கும் முதியவர்களுக்கும் அதனால் பல நன்மைகள் நடந்தன என்பது உண்மை. ஆனால் எத்தனை வீடு, எத்தனை மணி நேரம் என்று கணக்கெழுதி மேலே அனுப்பும் கடமையாகவும் அது மாறியது. ரகசியமாகப் பிறந்த பழக்கம் அறிக்கையில் வந்து உட்கார்ந்துவிட்டது.

கோடு எங்கே கிழிப்பது?

பிள்ளைகளையும் பட்டாளத்தையும் ஒரே வரியில் எழுதும்போது தமிழர்களுக்கு உடனே ஒரு வலி நினைவுக்கு வரும். ஈழப் போரில் சிறுவர்கள் ஆயுதம் ஏந்தவைக்கப்பட்டதை யூனிசெஃப் ஆண்டுக்கணக்கில் பதிவு செய்திருக்கிறது. ஆயுத மோதல்களில் சிறுவர்களை ஈடுபடுத்துவதற்கு எதிராக ஐ.நா. 2000-ல் கொண்டுவந்த விருப்ப நெறிமுறையை இந்தியா 2005-ல் ஏற்றது. போருக்கும் பிள்ளைகளுக்கும் நடுவே இருக்கும் கோடு தடிமனாகவே இருக்க வேண்டும்.

கைதாருக்கு இந்தக் கோடு நன்றாகத் தெரிந்திருந்தது. பதினான்கு வயதில் துப்பாக்கி எடுத்து, அதன் காயத்தை வாழ்நாள் முழுவதும் மனசில் சுமந்தவர் அவர். அவருடைய திமூரும் தோழர்களும் ஊரைவிட்டுப் போருக்குப் போவதில்லை. வாளி தூக்குகிறார்கள், விறகு அடுக்குகிறார்கள், குழந்தைக்கு விளையாட்டுக் காட்டுகிறார்கள். யாரையும் வெறுக்க அவர்களுக்குக் கற்றுத்தரப்படவில்லை. மதுரைப் பிள்ளைகளுக்கும் அந்த எல்லையே போதும். எதிரி யார் என்ற பாடமோ கட்சிக் கொடியோ முழக்கமோ இந்த வேலைக்குத் தேவையில்லை.

கதையில் ரகசியத்துக்கு ஒரு விலையும் இருந்தது. இரவில் சுற்றுகிறான், தோட்டத்தில் நுழைகிறான் என்று பார்த்தவர்கள் திமூரை ரவுடி என்றே நினைத்தார்கள். அவன் மாமாவே சந்தேகப்பட்டார். தோழி ஷென்யாவின் அக்கா அவனோடு சேரக் கூடாது என்று தடுத்தாள். இன்று ஒரு பிள்ளை காரணம் சொல்லாமல் இன்னொரு வீட்டுக் கொல்லையில் நடமாடினால் அதைவிடப் பெரிய பிரச்சினையாகும். பிள்ளையின் பாதுகாப்பும் முக்கியம், தனியாக இருக்கும் பெண்ணின் பாதுகாப்பும் முக்கியம். அதனால் நம் காலத்துக்கு ரகசியத்தின் வரையறை கொஞ்சம் மாற வேண்டும். ஊருக்குத் தெரிய வேண்டாம். ஆனால் பிள்ளையின் பெற்றோருக்கும் நம்பகமான ஓர் ஆசிரியருக்கும் தெரிந்தே ஆக வேண்டும். கதவில் நட்சத்திரம் வரைவதும் இன்று ஆகாது. ஆண்பிள்ளை இல்லாத வீடு இது என்று திருடனுக்கும் அது சொல்லிவிடும்.

பெட்டிச் செய்தி
தெருவில் செய்யலாம், செய்யக் கூடாது

செய்யலாம்:
■ தண்ணீர் வரும் நேரத்தில் இரண்டு குடம் கூடப் பிடித்து வாசலில் வைப்பது
■ ரேஷன் கடையில் பொருள் வந்துவிட்டதா என்று பார்த்துச் சொல்வது, பையைச் சுமந்து கொடுப்பது
■ பள்ளிக்குப் போகும்போது அந்த வீட்டுச் சின்னப் பிள்ளையைக் கூட அழைத்துப் போவது
■ மாலையில் அரை மணி நேரம் வீட்டுப்பாடம் சொல்லிக் கொடுப்பது
■ தாத்தா பாட்டிக்கு விண்ணப்பத்தை வாசித்துக் காட்டுவது, தேவையான சான்றுகளைப் பட்டியலிட்டுத் தருவது

செய்யக் கூடாது:
■ ஓ.டி.பி., ஏ.டி.எம். அட்டை, வங்கிக் கணக்கு எதையும் தொடக் கூடாது. அவை வீட்டுப் பெரியவர்களின் கையில்தான் இருக்க வேண்டும்
■ வீரர் எந்த இடத்தில் இருக்கிறார், எப்போது கிளம்புகிறார் என்பதை வெளியே சொல்லக் கூடாது
■ படம், வீடியோ எடுக்கக் கூடாது
■ தனியாக, இருட்டிய பிறகு, பெற்றோருக்குத் தெரியாமல் போகக் கூடாது

எந்தச் சீருடை என்று கேட்காமல்

2019 பிப்ரவரி 14-ம் தேதி புல்வாமாவில் கொல்லப்பட்ட 40 பேரில் இருவர் தமிழர்கள். தூத்துக்குடி மாவட்டம் சவலாப்பேரி சுப்பிரமணியன், அரியலூர் மாவட்டம் கார்குடி சிவச்சந்திரன். இருவரும் சி.ஆர்.பி.எஃப். வீரர்கள். ஊருக்கு அவர்களும் மிலிட்டரிக்காரர்கள்தான். அரசு விதியில் அப்படி இல்லை. மத்தியக் காவல் படைகளிலிருந்து ஓய்வுபெற்றவர்கள் முன்னாள் படைவீரர் வாரியத்தின் வரையறைக்குள் வருவதில்லை. 2004 ஜனவரிக்குப் பிறகு சேர்ந்தவர்களுக்குப் பழைய ஓய்வூதியத் திட்டமும் பொருந்தவில்லை.

2022 ஜூனில் வந்த அக்னிபத் திட்டம் இன்னொரு வகைக் குடும்பத்தை உருவாக்கியிருக்கிறது. நான்கு ஆண்டுப் பணி, அதன் பிறகு நான்கில் ஒருவருக்கு மட்டுமே நிரந்தர வேலை. மற்றவர்கள் சுமார் 11.71 லட்சம் ரூபாய் சேவா நிதியோடு ஊர் திரும்புவார்கள். ஓய்வூதியம் கிடையாது. அவர்கள் பணியில் இருக்கும் நான்கு ஆண்டும் வீட்டில் அதே தண்ணீர்க் குடம், அதே ரேஷன் பை.

எந்தச் சலுகை யாருக்கு என்று அரசு பிரித்துப் பார்க்கத்தான் வேண்டியிருக்கும். தெருவுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. எல்லையில் நிற்கும் ஜவான், கலவரத்தில் நிற்கும் சி.ஆர்.பி.எஃப். வீரர், நான்கு ஆண்டு அக்னிவீர் என்று எல்லார் வீட்டிலும் பிள்ளைகள் சமமாக நுழையலாம். அரசின் விதிகள் விட்டுவிட்ட இடைவெளியை இட்டு நிரப்ப இவர்களால் முடியும். அரசு அந்த இடைவெளியை அடைக்க வேண்டிய பொறுப்பு அதனால் குறைந்துவிடாது.

பள்ளிகளால் என்ன முடியும்?

பெரிய திட்டம் எதுவும் தேவையில்லை. மதுரை மாவட்டத்தின் ஒவ்வொரு பள்ளியிலும் சேர்க்கைப் பதிவேடு இருக்கிறது. அதைப் புரட்டி, பெற்றோரில் ஒருவர் படையிலோ மத்தியக் காவல் படையிலோ இருக்கும் பிள்ளைகள் யார் என்று தலைமையாசிரியர் ஒரு மாலை நேரத்தில் குறித்துவிடலாம். அந்தப் பட்டியல் பலகையில் ஒட்டப்படக் கூடாது, அவர் மேஜைக்குள்ளேயே இருக்க வேண்டும். முதலில் அந்த வீட்டுப் பெரியவர்களைச் சந்தித்து விருப்பம் கேட்க வேண்டும். சரி என்றால், அதே தெருவில் குடியிருக்கும் இரண்டு மூன்று பிள்ளைகளுக்கு மட்டும், அவர்களின் பெற்றோர் சம்மதத்தோடு, செய்தி போனால் போதும். என்ன வேலை என்பதைப் பிள்ளைகளே கண்டுபிடிப்பார்கள். திமூரின் தோழர்களும் அப்படித்தான் கண்டுபிடித்தார்கள்.

அந்த வீட்டுப் பிள்ளையும் குழுவில் இருக்கலாம். அப்பா எல்லையில் இருக்கும் பெண், அடுத்த தெருவில் இன்னொரு மிலிட்டரிக்காரர் வீட்டுப் பாட்டிக்கு லைஃப் சர்டிஃபிகேட் எடுக்கத் துணை நிற்கலாம். வாங்கும் கையாக மட்டும் யாரும் இருக்க வேண்டியதில்லை.

முதல் வேலையாக எதைத் தொடங்கலாம்? 2025 நவம்பரில் இரட்டிப்பான உதவித்தொகைகள் தானாகக் கணக்கில் வந்து விழுவதில்லை. கேட்பவர் விண்ணப்பிக்க வேண்டும். மத்திய முன்னாள் படைவீரர் வாரியத்தின் இணையதளத்தில் படிவம் நிரப்ப வேண்டும், படைப்பணிச் சான்று முதல் பள்ளி மதிப்பெண் பட்டியல்வரை ஏற்ற வேண்டும், மாவட்ட நல அலுவலகத்தின் பரிந்துரை வேண்டும். பேரையூர் பக்கம் ஒரு பட்டியில், கணவர் போன பிறகு மகனையும் மகளையும் படிக்கவைக்கும் தாய்க்கு இருவருக்குமான கல்வி உதவி மட்டும் மாதம் 4,000 ரூபாய். அப்படியொரு தொகை இருக்கிறது என்பதை அவரிடம் போய்ச் சொல்வதும், எந்தெந்தத் தாள் வேண்டும் என்று ஒரு நோட்டுப் பக்கத்தில் தமிழில் எழுதிக் கொடுப்பதும் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளையால் ஒரு ஞாயிற்றுக்கிழமையில் முடியும் வேலை.